கிடங்கு வெட்டாத பங்கர்: யாழ்ப்பாணத்துக் கலை இயக்குநர் ஒருவரின் தொழில் பற்றிய நிகழ்வு ஆய்வு

"வேறை என்னவெண்டாலும் செய்யுங்கோ தம்பி. என்ரை வளவுக்கை இனியொரு பங்கர் வெட்ட விடமாட்டன்."

2018 பங்குனியில், சுன்னாகத்துக்கு வடக்கே ஓர் ஊரில், நடுவில் முற்றம் உள்ள நாற்சார் வீடொன்றின் தலைவாசலில் இருந்துகொண்டு ஆச்சி இதைச் சொன்னார். குரல் உயரவில்லை. பாக்கு வெட்டிக்கொண்டிருந்த கையும் நிற்கவில்லை. படப்பிடிப்புக்கு 12 நாள்தான் இருந்தது. போர்க்காலத்தில், 1993இல், ஒரு குடும்பத்துக்கு நடந்ததைச் சொல்லும் முழுநீளப் படம். பிரதியில் 11 காட்சிகள் பங்கருக்குள்ளேயோ (குண்டுவீச்சுக்குத் தப்பக் கிடங்கு, அதாவது குழி, வெட்டி அமைக்கும் பதுங்கிடம்) அதன் வாசலிலோ நடப்பவை. இயக்குநர் திகைத்துப்போய்க் கலை இயக்குநரான அண்ணையைப் பார்த்தார். அண்ணை கொப்பியை மூடி, "சரி ஆச்சி, வெட்டேல்லை" என்றார். அவ்வளவுதான். காசு கூட்டித் தருகிறோம், முடிந்ததும் மூடிவிடுகிறோம் என்று ஒரு வார்த்தை கெஞ்சவில்லை.

நான் அப்போது அவருக்கு உதவியாளர். கையில் காட்சிப் பட்டியலோடு பின்னால் நின்றேன். அந்தச் "சரி"க்குப் பிறகு நடந்தவற்றை இங்கே எழுதுகிறேன். பெயர் போட வேண்டாம் என்று அண்ணை கேட்டுக்கொண்டதால், எங்கள் குழுவில் எல்லோரும் கூப்பிடுவதுபோல 'அண்ணை' என்றே எழுதுகிறேன்.

சோடினையிலிருந்து செற்றுக்கு

அண்ணை எந்தத் திரைப்படக் கல்லூரிக்கும் போனவரில்லை. அவருடைய தகப்பன் மணவறைச் சோடினைக்காரர். அண்ணை பதினைந்து வயதில் றெஜிபோமில் (வெள்ளை நுரைப் பலகை) அன்னமும் கொடியும் வெட்டத் தொடங்கினார். கோயில் திருவிழாக் காலத்தில் சப்பறம் கட்டப் போவார். நல்லூரில் 25 நாள் திருவிழாவில் தேருக்கு முதல்நாள் மாலை சப்பறம் வெளிவருவதைப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: அவ்வளவு உயரமான ஒன்று ஆடி அசைந்து ஆட்களுக்கு நடுவில் வருகிறது என்றால், அதன் உள்ளே மரமும் கயிறும் எப்படிப் பூட்டியிருக்க வேண்டும் என்று. பாரம் எங்கே இறங்கும், எது முன்னால் தெரியும், எதைத் துணியால் மூடினால் போதும் என்ற கணக்கெல்லாம் அவர் அங்கே படித்தது. "செற் எண்டா வேறை என்ன தங்கச்சி, நகராத சப்பறம்தானே" என்று ஒருமுறை சொன்னார்.

இதை நான் பெரிய விடயமாக எடுத்துச் சொல்லக் காரணம் உண்டு. இந்தத் தொழில் சென்னையிலிருந்தோ வெளிநாட்டிலிருந்தோ எங்களுக்கு வந்த புதுச் சரக்கு என்று இங்கே பலர் நினைக்கிறார்கள். கொட்டகைக் கூத்துக் காலத்திலிருந்தே யாழ்ப்பாணத்தில் 'சீன்' எழுதியவர்கள் இருந்திருக்கிறார்கள்: அரண்மனை, காடு, தெரு, மயானம் என்று துணியில் தீட்டி உருட்டி வைத்து, ஊரூராகக் கொண்டுபோனவர்கள். காங்கேசன்துறை வசந்த கான சபையில் வி. வி. வைரமுத்து அரிச்சந்திரனாக மயானத்தில் நின்று பாடியதை இன்றும் பேசுகிறோம். அவருக்குப் பின்னால் தொங்கிய மயானத்தை எழுதிய கையைப் பேசுவதில்லை. 1972இல் யாழ்ப்பாணத்து விவசாயக் குடும்பமொன்றின் கதையைச் சொன்ன குத்துவிளக்கு படத்தைத் தயாரித்த வி. எஸ். துரைராஜா தொழிலால் கட்டடக்கலைஞர். 1981இல் எரிக்கப்பட்ட யாழ் பொது நூலகத்தை மீளக் கட்டும் வேலையிலும் ஈடுபட்டவர். வீடு கட்டும் கண்ணும் படம் எடுக்கும் கண்ணும் இந்த மண்ணில் ஒன்றாக இருந்ததற்கு இதைவிட வேறு சாட்சி எனக்குத் தேவையில்லை.

2009க்குப் பிறகு குறும்படங்களும் பாட்டு வீடியோக்களும் பெருகின. அண்ணையை முதலில் கூப்பிட்டது மணவறை வாடகைக்குத்தான்: ஒரு குறும்படத்தில் கலியாண வீட்டுக் காட்சி. போனவர் அங்கே நின்று, "இது எந்த வருசத்துக் கலியாணம்?" என்று கேட்டாராம். 1985 என்றார்கள். "அப்ப றெஜிபோம் மணவறை வராது" என்று சொல்லி, கொண்டுவந்ததைத் திருப்பி ஏற்றி, வாழைமரமும் வேட்டித்துணியும் வண்ணக் கடதாசியும் வைத்து அன்று இரவே புதிதாகக் கட்டிக் கொடுத்தார். தன் வாடகையைத் தானே இழந்த அந்த இரவில்தான் அவர் கலை இயக்குநர் ஆனார் என்பது என் எண்ணம்.

பெயரும் பொறுப்பும்

1939இல் கோன் வித் த விண்ட் படத்துக்காக வில்லியம் கமரன் மென்சீஸ் செய்த வேலைக்குக் கலை இயக்குநர் என்ற பெயர் போதாது என்று தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் கருதினார். அப்படித்தான் 'புறொடக்‌ஷன் டிசைனர்' என்ற சொல் பிறந்தது. படம் முழுவதும் கண்ணுக்கு எப்படித் தெரியவேண்டும் என்று நிறம், இடம், வெளிச்சம், பொருள் எல்லாவற்றையும் சேர்த்து யோசிப்பவர் அவர். அதைக் கட்டி முடிப்பவர் கலை இயக்குநர். வீட்டுக்குள் கதிரை, மேசை, திரைச்சீலை நிரப்புபவர் இன்னொருவர். நடிகர் கையில் எடுக்கும் பொருளுக்குப் பொறுப்பானவர் வேறொருவர். ஒஸ்கார் விருதிலும் இந்தப் பிரிவுக்கு 2012இல்தான் பெயரை மாற்றினார்கள். விருது செற் நிரப்புபவருக்கும் சேர்த்தே போகிறது.

யாழ்ப்பாணத்தில் இந்த நான்கு பேரும் ஒரே ஆள். ஆணி வாங்கக் கஸ்தூரியார் வீதிக்குப் போவதும் அவரே. அவருக்கு ஒரு உதவியாளர் கிடைத்தால் அது பெரிய படம்.

1993ஐக் கட்டுதல்

யாழ்ப்பாணத்தைப் பற்றிய படங்கள் நெடுங்காலம் தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் எடுக்கப்பட்டன. போர் நடந்த காலத்தில் வேறு வழியும் இல்லை. இல்லாத இடத்தில் ஓர் ஊரைக் கட்டுவது பெரிய கலைதான்: 1987இல் வந்த நாயகன் படத்துக்காகத் தாராவியைச் சென்னையில் கட்டியெழுப்பிய தோட்டா தரணிக்குத் தேசிய விருது கிடைத்தது. ஆனால் அந்தச் செற்றுக்குள் தாராவிவாசி ஒருவர் காலையும் மாலையும் நடந்து திரிந்து, "இது இங்கை இருக்கேல்லையே" என்று சொல்லவில்லை. எங்களுக்கு ஒவ்வொரு நாளும் அது நடந்தது.

வீடு கிடைத்ததே அதிர்ஷ்டம். வலிகாமத்தில் எத்தனையோ நாற்சார் வீடுகள் 1995 ஐப்பசி இடப்பெயர்வுக்குப் பிறகு கூரை போய், சுவர் விழுந்து கிடந்தன. மீளக் கட்டியவை பெரும்பாலும் வெளிநாட்டுக் காசில் சீமெந்துத் தளம் போட்ட மாடிவீடுகள். ஆச்சியின் வீட்டில் முற்றமும் தூண்களும் ஓட்டுக்கூரையும் அப்படியே இருந்தன. அகற்ற வேண்டியவை: நீலப் பிளாஸ்ரிக் தண்ணீர்த் தாங்கி, செய்மதி டிஷ், இரும்புப் படலை, மதில்.

மதிலை அகற்ற முடியாதல்லவா, அதற்கு முன்னால் கிடுகுவேலி (பின்னிய தென்னோலை வேலி) அடைத்தோம். இங்கேதான் முதல் சிக்கல். புதுக் கிடுகு செம்பழுப்பாக, ஈரம் காயாமல், கடையில் வாங்கியதுபோலவே தெரியும். வெயிலும் மழையும் பட்டுச் சாம்பல் நிறமாக மாற ஒரு மாரி போகவேண்டும். பெயின்ற் அடித்துப் பார்த்தோம். கமெராவில் பெயின்ற் அடித்த கிடுகாகவே தெரிந்தது. அண்ணை சைக்கிளை எடுத்துக்கொண்டு ஊரைச் சுற்றி வந்தார். இன்னும் கிடுகுவேலி வைத்திருந்த வீடுகள் ஒன்பதைக் கண்டுபிடித்து, "உங்கட பழைய வேலியைத் தாங்கோ, நாங்கள் புதுசா அடைச்சுத் தாறம்" என்று பேசி முடித்தார். மூன்று நாளில் எங்களுக்குச் சாம்பல் நிற வேலி கிடைத்தது. அந்த ஒன்பது வீட்டுக்கும் அந்த வருசத்து வேலியடைப்புச் செலவு மிச்சம்.

உள்ளே போனால் சுவிச். நான் சுவரிலிருந்த பழைய கறுப்பு வட்டச் சுவிச்சுகளைக் கழற்றத் தொடங்கினேன். 1990 ஆனியில் போர் மீண்டும் தொடங்கியபின் குடாநாட்டில் மின்சாரம் இல்லையே, அதனால் சுவிச்சும் வேண்டாம் என்பது என் கணக்கு. அண்ணை தடுத்தார். "கரண்ட் இல்லாமப் போனதே தவிர, சுவிச் எங்கையும் போகேல்லை. அது சுவரிலை இருக்கோணும். பல்ப் ஹோல்டர் வெறுமையாத் தொங்கோணும். அதுதான் அந்தக் காலம்." ஒரு காலத்தைக் கட்டுவது பற்றி எனக்குக் கிடைத்த பாடங்களில் இதை நான் முதலில் வைப்பேன். அந்தக் காலத்தில் இருந்தவற்றைத் தேடி வைப்பதோடு, வேலை செய்யாமல் போனவற்றையும் அதே இடத்தில் விட்டுவைக்க வேண்டும்.

அரசு பல பொருட்களைக் குடாநாட்டுக்குள் வரவிடாத பொருளாதாரத் தடைக்காலம் கலைத்துறைக்குக் கடினமானது, ஏனென்றால் அன்று எல்லாப் பொருளும் இன்னொரு பொருளின் வேலையைச் செய்தது. மண்ணெண்ணெயில் ஓடிய சோமர்செற் கார். தொடக்கிவிட மட்டும் சில சொட்டுப் பெற்றோல். பற்றரி தடை என்பதால் சைக்கிளைக் கவிழ்த்து வைத்து மிதித்து, டைனமோவில் றேடியோ கேட்டார்கள். சவர்க்காரம் இல்லாத வீட்டில் பனம்பழக் களியில் துணி துவைத்தார்கள். நாளேடு கோடு போட்ட கொப்பித் தாளில் அச்சாகி வந்தது. இவற்றைப் பழைய பொருள் கடையில் வாங்க முடியாது. யாரோ ஒருவர் தன் கையால் செய்து காட்ட வேண்டும். அண்ணையின் கொப்பியில் ஒவ்வொரு பொருளுக்கும் எதிரே ஒரு வயோதிபரின் வீடு குறித்திருந்தது. டைனமோ றேடியோவுக்கு மானிப்பாயில் ஓய்வுபெற்ற வாத்தியார் ஒருவர். எழுபத்தைந்து வயதில் இருந்து மிதித்தே காட்டினார்.

பங்கர்

உண்மையான பங்கர் எப்படி இருந்தது என்பதைப் பற்றி எங்களில் யாருக்கும் சந்தேகமில்லை. காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை 1990இல் நின்றுபோனது. வெளியிலிருந்து சீமெந்து வரவும் தடை. ஆகவே பனையைத் தறித்துக் குற்றியாக அடுக்கி, மேலே மண்மூட்டை. உரப்பை முடிந்தால் சாறியை வெட்டித் தைத்த பை. வாசலிலிருந்து நேராக உள்ளே போகாமல் ஆங்கில 'எல்' எழுத்துப்போல் ஒரு முறிவு இருக்கும். வெளியே குண்டு விழுந்து வெடித்தால் அதன் சன்னம் நேராக உள்ளே வரக்கூடாது.

ஆச்சி மறுத்த அன்று பின்னேரம் அண்ணை கிணற்றடியில் இருந்து இரண்டு படம் கீறினார். ஒன்று வாசல். மற்றது உள். இரண்டும் ஒரே இடத்தில் இருக்கவேண்டிய அவசியம் இல்லை. வாசலை ஆச்சியின் வளவில், மாமரத்தடியில், நிலத்தைத் தொடாமல் கட்டுவது: மண்மூட்டைகளை முழங்காலுக்கு மேல் உயர்த்தி ஒரு மேடு, நடுவில் பனங்குற்றிக் கூரை, கறுப்புத் துணியால் மூடிய ஒரு வாய். நடிகர் குனிந்து உள்ளே போனால் இறங்குவதுபோலத் தெரியும். உண்மையில் மூட்டைக்குப் பின்னால் முழங்காலில் நிற்பார். உள்பக்கத்தைச் சாவகச்சேரியில் மூடிக்கிடந்த ஓர் அரிசி ஆலையின் களஞ்சியத்தில் கட்டுவது. ஒட்டுப்பலகைச் சுவர், அதன்மேல் சாக்கு, சாக்கின்மேல் குழைத்த மண் பூச்சு. ஒரு பக்கச் சுவர் கழற்றிப் பூட்டக்கூடியது. கமெரா அந்த வழியால் பார்க்கும். 'எல்' முறிவு இருந்ததால் வாசல் காட்சியையும் உள் காட்சியையும் வெட்டி ஒட்டுவது எளிதாயிற்று. சனங்களின் உயிரைக் காத்த அந்த முறிவு எங்கள் ஒட்டுவேலையையும் மறைத்தது.

படம் கீறியபடி எல்லாம் நடந்தது. ஒன்றைத் தவிர.

இரண்டாம் நாள் இரவு, வளவில் எடுத்ததையும் களஞ்சியத்தில் எடுத்ததையும் அடுத்தடுத்துப் போட்டுப் பார்த்தார்கள். தாயும் பிள்ளைகளும் சிவப்பு மண்ணுக்குள் இறங்கி, வெளிறிய மண்ணுக்குள் போய் இருந்தார்கள். ஆச்சியின் வளவு இருக்கும் வலிகாமத்து மண் செம்மண். சாவகச்சேரி இருக்கும் தென்மராட்சி மணற்பாங்கு. பூச்சுக்கு மண் எடுக்க அனுப்பப்பட்ட நான், அருகிலேயே கிடைத்ததை இரண்டு உழவு இயந்திரப் பெட்டி ஏற்றி வந்திருந்தேன். யாழ்ப்பாணத்தில் பிறந்து வளர்ந்தவள், ஒவ்வொரு நாளும் இரண்டு மண்ணிலும் கால் வைத்து நடந்தவள். எனக்கு அது தோன்றவே இல்லை. நிறத் திருத்தத்தில் சரிசெய்யலாமா என்று ஒளிப்பதிவாளரைக் கேட்டார்கள். சுவரைச் சிவப்பாக்கினால் முகமும் சிவக்கும் என்றார்.

தயாரிப்புத் தரப்பிலிருந்து ஒருவர் எல்லோருக்கும் முன்னால், இது யாருடைய பிழை என்று கேட்டார். அண்ணை "என்ரை பிழை" என்றார். "மண்ணைப் பற்றி நான்தான் சொல்லியிருக்கோணும்." ஒரு நாள் படப்பிடிப்பு நின்றது. அந்த நாளின் செலவில் ஒரு பங்கை அவருடைய சம்பளத்தில் கழித்தார்கள் என்பது எனக்குப் பிறகுதான் தெரியவந்தது. இன்றுவரை அவர் என்னிடம் அதைப் பேசியதில்லை. நான் இங்கே எழுதுவது அதனால்தான்.

அடுத்தநாள் விடிய ஆறு மணிக்கு அண்ணையும் நானும் ஆச்சியிடம் போனோம். செம்மண் வேண்டும், விலைக்கு வாங்க ஒரு இடம் சொல்லுங்கோ என்று கேட்டோம். ஆச்சி எங்களைப் பின்வளவுக்குக் கூட்டிக்கொண்டு போய், வாழை பிரட்டிவிட்டுக் கொத்திப்போட்டிருந்த தரையைக் காட்டினார். "இதை அள்ளுங்கோ. மேலாலை வழிச்சு அள்ளுங்கோ பிள்ளை. கிடங்கு விழக் கூடாது." பின்னேரம் வரை மண்வெட்டியால் செதுக்கினோம். 60 உரப்பை. ஆச்சி கதிரையைக் கொண்டுவந்து போட்டு, கடைசிப் பை கட்டும் வரைக்கும் இருந்து பார்த்தார்.

விளக்கு

ஆச்சி அன்றிலிருந்து எங்கள் வேலையைப் பார்க்க வரத் தொடங்கினார். சுவரோரம் நின்று பார்ப்பார், ஒன்றும் சொல்லமாட்டார். ஒருநாள் இரவுக் காட்சி. ஜாம் போத்தலின் அடியில் மண்ணெண்ணெயில் நனைந்த பஞ்சு, நடுவில் நூல்திரி: அந்தக் காலத்துச் சிக்கன விளக்கு. கமெராவின் ஒளியுணர்திறனை ஐஎஸ்ஓ 3200க்கு உயர்த்தி வைத்தும் முகம் போதிய அளவு தெரியாததால் ஒரு திரியை இரண்டாக்கி, யன்னலோரம் இருந்த மேசையில் வைத்திருந்தோம். கமெராச் சட்டத்துக்குள் பார்க்க அழகாக இருந்தது. எல்லோருக்கும் பிடித்திருந்தது. அண்ணைக்கும்.

"யன்னலிலை ஆர் விளக்கு வைக்கிறது?" என்று ஆச்சி கேட்டார். "ஹெலி வந்தா முதலிலை இந்த வீட்டைத்தானே பாக்கும்."

அவர் தானே வந்து போத்தலை எடுத்து, நிலத்தில், கதவுக்கும் சுவருக்கும் இடையிலான மூலையில் வைத்தார். பிறகு சுளகு ஒன்றை எடுத்து, யன்னல் பக்கமாக அதற்கு மறைப்பாகச் சாய்த்தார். வெளிச்சம் கீழிருந்து மேலே போய் ஓட்டின் அடியில் பட்டு, பிள்ளைகளின் நாடியை மட்டும் தொட்டது. கொஞ்ச நேரம் ஒருவரும் பேசவில்லை. ஒளிப்பதிவாளர் லென்ஸை மாற்றினார். அந்த ஒரு இடமாற்றத்தால் நடிகர்கள் எல்லோரும் நிலத்தில் இருக்கவேண்டி வந்தது, பேச்சு தாழ்ந்தது, காட்சியே வேறாகியது. கலை இயக்கம் நடிப்பை மாற்றும் என்று புத்தகத்தில் படித்திருந்தேன். அதைக் கண்ணால் கண்டது அன்றுதான். செய்தவர் எழுத்துக்கூட்டி மட்டும் வாசிக்கத் தெரிந்த ஒரு வயோதிபப் பெண்.

அண்ணை கொப்பியில் ஆச்சியின் பெயரை எழுதி, 'காலத் தகவல் ஆலோசகர்' என்ற பதவியோடு, படத்தில் வேலைசெய்தவர்களின் பெயர்கள் வரும் எழுத்தோட்டத்தில் போடவேண்டும் என்று கேட்டார். அது போடப்பட்டது. அண்ணையின் பெயரோ 'இடம் மற்றும் பொருட்கள் உதவி' என்ற வரியில், மூன்று பேருக்கு நடுவில் வந்தது. கலை இயக்கம் என்ற இடத்தில், மூன்று நாள் மட்டும் வந்து போன வெளியூர்க்காரர் ஒருவரின் பெயர் இருந்தது.

இதைச் சின்ன விடயம் என்று விட்டுவிட என்னால் முடியாது. எழுத்தோட்டத்தில் வரும் பெயர்தான் அடுத்த வேலைக்குச் சான்று. கொழும்பில் தொலைக்காட்சித் தொடருக்கோ, ரொறன்ரோவிலிருந்து வரும் குழுவுக்கோ ஆள் தேடும்போது அந்த வரியைத்தான் பார்க்கிறார்கள். 'உதவி' என்று இருந்தால் உதவிக்குத்தான் கூப்பிடுவார்கள், நாட்சம்பளமும் உதவியாளருக்குரியதுதான். அண்ணை இன்னமும் வைகாசியிலும் ஆவணியிலும் மணவறைதான் கட்டுகிறார், ஏனென்றால் மணவறைக்கு முற்பணம் உண்டு. இப்போது நான் செய்யும் எந்த வேலைக்கும், பிரதி வாசிக்க முன்னரே, என் பெயர் எந்தச் சொல்லோடு வரும் என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்கிறேன். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் நுண்கலை படித்து வந்து இந்த வேலையைக் கேட்கும் பிள்ளைகளுக்கும் அதையே முதலில் சொல்கிறேன். மண்ணின் நிறத்தை இரண்டாவதாகச் சொல்கிறேன்.

மண்

படப்பிடிப்பு முடிந்த அடுத்தநாள் களஞ்சியத்தைக் கழற்றினோம். ஒட்டுப்பலகையை வாடகைக்காரர் கொண்டுபோனார். பனங்குற்றிகள் கடன் வாங்கியவை, உரியவரிடம் போயின. சுவரில் பூசியிருந்த செம்மண்ணைத் தட்டி உதிர்த்துப் பைகளில் கட்டினோம். 60 பை 52 ஆகக் குறைந்திருந்தது.

தயாரிப்பு வாகனம் போய்விட்டது. அண்ணை தன் காசில் ஒரு லான்ட்மாஸ்டர் (பெட்டி பூட்டிய சிறிய உழவு இயந்திரம்) பிடித்தார். அந்த மண்ணில் ஆணி, சாக்கு நார், ஒட்டுப்பலகைச் சிராய், ஒரு பிள்ளை நடிகரின் தலைக்கிளிப் எல்லாம் கலந்திருந்தன. வாழை வைக்கிற தரை, காலில் குத்தும் என்று சொல்லி, மேசன்மார் மணல் அரிக்கும் அரிதட்டு ஒன்றை மாமரத்தில் சாய்த்து வைத்து, பை பையாகக் கொட்டி அரித்தார். நான் அரித்ததை அள்ளிப் பரவினேன். மத்தியானம் ஆச்சி இரண்டு பேருக்கும் தேத்தண்ணி கொண்டுவந்து தந்தார். மிச்சம் எட்டுப் பை எங்கே என்று கேட்டார். எங்களுடைய உடுப்பிலும், களஞ்சியத்து நிலத்திலும் போய்விட்டது என்று அண்ணை சொன்னார்.

ஆச்சி கொஞ்சம் யோசித்தார். "அந்த விளக்குப் போத்தலைத் தந்திட்டுப் போங்கோ. கணக்குச் சரி" என்றார்.